செயலாளர் ஆண்டறிக்கை: முதலில் வெயில், அப்புறம் விதை

நம் அடுக்குமாடி புளோக் கீரைக் குழு உறுப்பினர்கள் எல்லோருக்கும் வணக்கம். கணக்கைப் பொருளாளர் தனியாகப் படிப்பார். கையில் கொஞ்சம் மீதி இருக்கிறது, கடன் இல்லை, நான் சொல்ல வேண்டியது அவ்வளவுதான். மற்றபடி இந்த அறிக்கை முழுக்கத் தொட்டிகளைப் பற்றித்தான்.

2020ல் கொரோனா நேரத்தில் சிங்கப்பூர்த் தேசியப் பூங்காக் கழகம் கேட்டவர்களுக்கு இலவசமாக விதை அனுப்பியதே, நம்மில் பாதிப் பேர் தாழ்வாரத்தில் முதல் தொட்டி வைத்தது அப்போதுதான். அன்று முதல் இன்று வரை நம் குழுவில் விதை பகிர்வது ஒரே மாதிரிதான் நடக்கிறது: எல்லோருக்கும் எல்லாமும். இதை மாற்ற வேண்டும் என்று செயற்குழுவில் சொன்னேன், இங்கேயும் சொல்கிறேன். சிங்கப்பூரில் சூட்டுக்கும் மழைக்கும் குறைவே இல்லை. ஆண்டுக்கு 2,100 மில்லிமீட்டர் அளவுக்கு மழை, பகலில் 31, 32 டிகிரி, விடியற்காலையிலும் 24 பக்கம். தாழ்வாரத்தில் கிடைக்காதது வெயில் ஒன்றுதான். தலைக்கு மேலே கூரை, எதிரே இன்னொரு புளோக், இரண்டுக்கும் நடுவில் நுழைகிற வெயில் ஒரு வீட்டுக்கு ஆறு மணி நேரம், பக்கத்து வீட்டுக்கு இரண்டு மணி நேரம். இரண்டு வீட்டுக்கும் ஒரே சாய் சிம் (சீனக் கீரை வகை) விதையைக் கொடுத்தால், ஒருவர் ஒரு மாதத்தில் அறுக்கிறார், இன்னொருவருக்கு நூல் மாதிரி நீண்டு சாய்ந்த நாற்றுதான் மிச்சம். அவருக்குக் கைராசி இல்லை என்று யாரும் சொல்லக் கூடாது.

ஐந்தாறு மணி நேரம் நேர் வெயில் விழும் வீட்டில் சாய் சிம், கைலான் (இன்னொரு சீனக் கீரை), சிவப்புத் தண்டுக்கீரை, காங்கோங் என்கிற வள்ளைக்கீரை எல்லாம் தாராளமாக வரும். தண்டுக்கீரை சூட்டுக்கென்றே பிறந்தது, 15 சென்டிமீட்டர் ஆழத் தொட்டி போதும், மூன்று நான்கு வாரத்தில் பறிக்கலாம். சாய் சிம், கைலான் இரண்டுக்கும் விதைத்த அன்றே வலை போட்டுவிடுங்கள், வைரமுதுகு அந்துப்பூச்சி முட்டை வைத்த பிறகு வலை போட்டுப் பயனில்லை. மூன்று மணி நேர வெயில்தான் என்றால் சாயுர் மானிஸ் என்கிற தவசிக்கீரை, பிரேசில் பசலை, இவை இரண்டையும் குச்சி ஒடித்து நட்டாலே பிடித்துக்கொள்ளும், மாதக்கணக்கில் பறிக்கலாம். தவசிக்கீரையைத் தேங்காய்ப்பாலில் போட்டுச் சமைக்க நம் நான்காம் மாடி மாக்சிக் (மலாய் ஆன்ட்டி) சொல்லிக் கொடுத்தார், அந்த ருசிக்காகவே பலர் குச்சி கேட்டார்கள். ஒன்று மட்டும் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும்: அதைப் பச்சையாக அரைத்துக் குடிக்காதீர்கள். 1990களில் தைவானில் உடம்பு இளைக்க என்று அந்தச் சாற்றை வாரக்கணக்கில் குடித்தவர்களுக்கு நுரையீரல் நிரந்தரமாகக் கெட்டது, உயிரிழப்பும் நடந்தது. நன்றாக வேகவைத்து, அளவோடு சாப்பிடுவோம்.

இந்த ஆண்டு நம்மை அதிகம் வாட்டியது காங்கோங்கில் வந்த வெண்துரு என்கிற இலைநோய். வடகிழக்குப் பருவமழை தொடங்கியதும் இலையின் மேல்புறத்தில் வெளிர் மஞ்சள் புள்ளி, பலர் உரம் போதவில்லை என்று நினைத்து உரத்தை இரட்டிப்பாக ஊற்றினார்கள். இலையைத் திருப்பிப் பார்த்தால்தான் தெரியும்: புள்ளிக்கு நேர் கீழே பாலாடை நிறத்தில் சின்னக் கொப்புளங்கள், விரலால் தேய்த்தால் வெள்ளைத் தூள் ஒட்டும். அந்தத் தூள்தான் தண்ணீர் தெறித்து அடுத்த இலைக்குப் போகிறது. ஆகவே பூவாளியை இலைமேல் கவிழ்க்காமல் வேரடியில் ஊற்றுங்கள், காலையிலேயே ஊற்றுங்கள், செடிகள் நெருக்கமாக இருந்தால் சிலவற்றைப் பிடுங்கி இடைவெளி விடுங்கள். நோய் கண்ட இலையைப் பையில் கட்டிக் குப்பையில் போடுங்கள், உரக்குழிக்குக் கொண்டுவராதீர்கள். அந்த மண்ணில் மறுபடியும் காங்கோங் போட வேண்டாம். தண்டுக்கீரைக்கு வரும் வெண்துரு வேறு கிருமி, அதனால் அந்தத் தொட்டியில் தாராளமாகத் தண்டுக்கீரை விதைக்கலாம். ஈரச்சந்தையில் வாங்கிய காங்கோங் தண்டைத் தண்ணீரில் வைத்தால் ஓரிரு நாளில் கணுவில் வேர் விடும் என்பது உண்மைதான், ஆனால் நடுவதற்கு முன் இலையின் அடிப்பக்கத்தை ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.

மழைச்சாரல் படும் தொட்டிகளில் தழைச்சத்து சீக்கிரம் கரைந்து ஓடிவிடுகிறது. அடியிலைகள் சீராக மஞ்சளானால், கொப்புளமும் இல்லையென்றால், அதுதான் காரணம். வாரம் ஒருமுறை நீர்த்த உரம் கொடுங்கள், ஒரேயடியாகக் கொட்ட வேண்டாம்.

அப்புறம் கொசு. தொட்டிக்கு அடியில் தட்டு வேண்டவே வேண்டாம். இருபது காசு நாணய அளவு தண்ணீர் தேங்கினாலே ஏடிஸ் கொசுவுக்குப் போதும். இறுகிப்போன மண்ணின்மேல் நிற்கும் தண்ணீரும் அதில் சேர்த்தி, அதனால் மேல்மண்ணை அவ்வப்போது கிளறிவிடுங்கள். தாழ்வாரத்தில் 1.2 மீட்டர் வழி விட வேண்டும் என்பது தீயணைப்புக்கான விதி, ஸ்ட்ரெச்சர் போகிற வழி அது. கைப்பிடிச் சுவரின்மேல் தொட்டி வைக்கவே கூடாது. கீழே குழந்தைகள் விளையாடுகிறார்கள்.

வரும் ஆண்டுக்கு என் முன்மொழிவு: மழை இல்லாத ஒரு நாளில் ஒவ்வொருவரும் காலையிலிருந்து மாலை வரை தம் தாழ்வாரத்தில் வெயில் விழும் நேரத்தைக் குறித்துக் கொடுங்கள். அதைப் பார்த்துத்தான் விதையும் குச்சியும் பகிர்வோம். வெயிலே இல்லாத வீட்டுக்காரர்கள் பூங்காவில் வாடகைக்குக் கிடைக்கும் தோட்டப் பாத்திக்கு விண்ணப்பிக்கலாம், விண்ணப்பிக்க நான் உதவுகிறேன்.

உரக்குழியை முறைவைத்துப் பார்த்துக்கொண்ட மூத்தவர்களுக்கும், வலை தைத்துத் தந்த மூன்றாம் மாடி ஆன்ட்டிக்கும் நன்றி. டிசம்பர் விடுமுறைக்கு ஊருக்குப் போகிறவர்கள் கிளம்புவதற்கு ஒரு வாரம் முன்பே சொல்லிவிடுங்கள், தண்ணீர் ஊற்ற ஆள் போடுகிறோம். அந்த நாட்களில் முற்றுகிற கீரையைத் தண்ணீர் ஊற்றுகிறவரே அறுத்துக்கொள்ளலாம் என்று செயற்குழு முடிவு செய்திருக்கிறது.