மண்டையோடு வரைந்த மூலையில் யார் குடியிருக்கிறார்கள்?

மிகுபுனைவு (ஃபேன்டஸி) எழுதுகிறவர்களுக்கும், கணினி விளையாட்டுகளுக்கு உலகம் சமைக்கிறவர்களுக்கும்,

வணக்கம்.

உங்கள் புத்தகத்தைத் திறந்ததும் நான் முதலில் பார்ப்பது வரைபடத்தைத்தான். மலைத்தொடர், இரண்டு ஆறுகள், தலைநகரம், துறைமுகம் என்று எல்லாவற்றையும் தாண்டிக் கண் ஒரு மூலையில் போய் நிற்கும். அங்கே ஒரு மண்டையோடு வரைந்திருப்பீர்கள். கீழே 'மரண மடு' என்றோ 'சாபப் பள்ளத்தாக்கு' என்றோ பெயர். போனவர் திரும்பியதில்லை என்று முதல் அத்தியாயத்திலேயே ஒரு கிழவர் சொல்லிவிடுவார். முந்நூறு பக்கம் கழித்து நாயகன் போவான், திரும்பியும் வருவான். அந்த மடு என்னதான் செய்தது என்று தேடிப் பார்த்தால் பனிமூட்டம், ஓலம், நீருக்குள்ளிருந்து நீளும் ஒரு கை. அவ்வளவுதான்.

எனக்கு ஒரே ஒரு மனத்தாங்கல். அந்த மடுவின் கரையில் ஏன் யாருமே குடியிருப்பதில்லை?

ஆபத்தான இடத்தைச் சுற்றி மனிதர்கள் வாழத்தான் செய்கிறார்கள். கேமரூன் நாட்டில் நியோஸ் என்றொரு ஏரி, எரிமலை வாயில் தேங்கிய நீர். அதைச் சுற்றி ஊர்கள், மேய்ச்சல் நிலங்கள். 1986 ஆகஸ்ட் 21 இரவு, ஏரியின் அடியாழத்தில் கரைந்து கிடந்த கரியமில வாயு ஒரேயடியாகப் பொங்கி வெளியேறியது. அது காற்றைவிடக் கனமானது, கண்ணுக்குத் தெரியாதது. தண்ணீரைப் போலவே தாழ்ந்த இடம் தேடிப் பள்ளத்தாக்குகள் வழியே இறங்கிப் போனது. சுமார் 1,700 பேர் இறந்தார்கள். ஆயிரக்கணக்கில் மாடுகளும் செத்தன. நீலமாக இருந்த ஏரி செம்பழுப்பாகிக் கிடந்தது. ஆழத்திலிருந்த இரும்பு மேலே வந்து காற்றுப்பட்டதால் வந்த நிறம். 2001இல் அடிவரை குழாய் இறக்கி, வாயுவைக் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே விடத் தொடங்கினார்கள்.

இந்த நிகழ்ச்சியில் ஓலமும் இல்லை, கையும் இல்லை. ஒரு விதி இருக்கிறது: அது தாழ்வை நோக்கிப் போகும். விதி தெரிந்த பிறகு எனக்குப் பயம் குறையவில்லை. படுத்திருக்கும் குழந்தை, கட்டிப்போட்ட கன்றுக்குட்டி, பள்ளத்து வீடு என்று ஒவ்வொன்றாக நினைக்க நினைக்கக் கூடத்தான் செய்கிறது. நீங்கள் மூட்டத்தால் மூடிவைக்கிற மர்மத்துக்கு இந்தச் சக்தி கிடையாது.

இதே வாயுவின் சின்ன உருவம் இத்தாலியில், நேப்பிள்ஸ் அருகே இருக்கிறது. 'நாய்க் குகை' என்றே அதற்குப் பெயர். வாயு தரையோடு படிந்திருக்கும். முன்பெல்லாம் ஊர் பார்க்க வந்தவர்களுக்கு வேடிக்கை காட்ட ஒரு நாயை உள்ளே கொண்டுபோவார்கள். நிமிர்ந்து நிற்கும் மனிதனுக்கு ஒன்றும் ஆகாது, நாய் மயங்கி விழும். பிறகு வெளியே இழுத்துப்போட்டுத் தெளியவைப்பார்கள். (அந்த நாய்களின் பக்கம் நின்று ஒருவர் நாவல் எழுதினால் முதல் பிரதி எனக்கு.)

இங்கிலாந்தின் யார்க்ஷயரில் வார்ஃப் என்ற ஆறு, ஸ்ட்ரிட் என்னுமிடத்தில் பாறைகளுக்கு நடுவே ஏறத்தாழ இரண்டு மீட்டராக ஒடுங்குகிறது. பாசி படர்ந்த அழகான இடம். ஒரு தாவு தாவிவிடலாம் என்று தோன்றும். அகலமாக ஓடிவந்த அத்தனை நீரும் அங்கே ஆழத்துக்குள் திரும்பிக்கொள்கிறது. இரு கரையும் அடியில் குடைந்து கிடக்கிறது. விழுந்தவரை நீர் பாறைக்கடியில் இழுத்துக்கொள்ளும். தாவிவிடலாம் என்ற அந்த எண்ணம்தான் பொறி. மண்டையோட்டைப் பார்த்து யாரும் தாவ நினைப்பதில்லை.

நம்மிடம் இதற்கு முன்மாதிரி இல்லாமலும் இல்லை. சிலப்பதிகாரத்தில் மதுரைக்கு வழி சொல்லும் மறையவன், ஒரு பாதையில் பிலம் என்னும் குகையும் மூன்று பொய்கைகளும் உண்டு என்கிறான். எதில் முழுகினால் என்ன கிடைக்கும் என்று தனித்தனியாகச் சொல்கிறான்; ஒன்றில் முழுகினால் பழம்பிறப்பின் நினைவே வருமாம். கோவலன் கண்ணகியோடு வழிநடக்கும் சமணத் துறவி கவுந்தியடிகள் என்ன செய்கிறார்? அதெல்லாம் எங்களுக்கு வேண்டாம் என்று மறுத்துவிடுகிறார்! போகமாட்டேன் என்று ஒருவர் காரணத்தோடு சொன்னதாலேயே அந்தப் பொய்கைகள் எனக்கு மெய்யாகத் தெரிகின்றன. நடுவழியில் ஒரு தெய்வம் மயக்கும் என்றும் அவன் எச்சரிக்கிறான். பிறகு கோவலன் தாகத்துக்காகத்தான் நீர்த்துறைக்குப் போகிறான். தெய்வம் மாதவியின் தோழி வசந்தமாலை உருவில் வந்து நிற்கிறது. அவனைத் துறைக்குக் கொண்டுவந்தது சாகச ஆசை அல்ல, வெறும் தாகம். உங்கள் நாயகனுக்குத் தாகமே எடுப்பதில்லையே, ஏன்?

பெயரைப் பற்றியும் ஒரு வார்த்தை. 'சாபப் பள்ளத்தாக்கு' என்பது வெளியூர்க்காரன் வாயில் வருகிற பெயர். பக்கத்திலேயே வாழ்கிறவர்கள் பயத்தை அப்படிக் கூவி அழைப்பதில்லை. இருட்டில் பாம்பைப் 'பூச்சி' என்றும், கொப்புளம் கொப்புளமாக வந்த நோயை 'அம்மை' என்றும் சொல்லிப் பழகிய மொழி இது. உங்கள் மடுவை அதன் கரையில் வாழும் பெண் 'கீழே' என்று மட்டும் சொன்னால் போதாதா?

ஆகவே ஒரு வேண்டுகோள். அடுத்த வரைபடத்தில் அந்த மூலையில் ஒரு வீடு வரையுங்கள். வீட்டுக்கும் கிணற்றுக்கும் நடுவே ஒரு பள்ளம். அதைக் கடக்கும்போது அந்த வீட்டுப் பெண் குழந்தையைத் தோளில் ஏற்றிக்கொள்வாள், விளக்கை முழங்காலுக்குக் கீழே தொங்கவிட்டுச் சுடர் அணைகிறதா என்று பார்த்துக்கொண்டே நடப்பாள். நாய் மேட்டிலேயே நின்று முனகும். அங்கே உங்கள் நாயகன் தாகத்தோடு வந்து சேரட்டும். பள்ளத்தின் நடுவில் செருப்பு வார் அவிழ்ந்ததைப் பார்த்துக் குனியட்டும். அவள் பாய்ந்து வந்து அவன் தலைமுடியைக் கொத்தாகப் பிடித்துத் தூக்குகிற பக்கத்துக்காகக் காத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
வரைபடத்தை முதலில் பார்க்கும் வாசகர்