கூறைச் சட்டையில் இனிக் கத்தரி வைக்க விடாதே

அன்பான பிள்ளைக்கு,

தாலி கட்டும்போது உடுக்கிற கூறைச் சாறியின் சட்டையை அங்கே கடையில் திருத்தக் கொடுத்து, அது பிழையாகத் திரும்பி வந்துவிட்டது என்று நீ அனுப்பிய படங்களையும் அந்தச் சின்ன வீடியோவையும் அப்பாவின் பெரிய போனில் போட்டுத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். முதுகுப் பக்கக் கழுத்து அகன்று நிற்கிறது, வலது கை கமக்கட்டோடு சுருங்கி இழுபடுகிறது, நீ கையைத் தூக்கினதும் சட்டை முழுக்க மேலே ஏறுகிறது, பக்கத் தையலடியில் ஆரி வேலையின் மணிகள் உதிர்ந்து நூல் தொங்குகிறது. அங்கே இருக்கிற பெரியம்மா, சாறியைச் சுற்றினால் எல்லாம் மறைந்துவிடும், ஒரு சட்டைக்காக இவ்வளவு அழுவதா என்று கேட்டாவாம். நான் தேவையில்லாமல் கவலைப்படுகிறேனா அம்மா என்று நீயும் கேட்டிருந்தாய். இல்லைப் பிள்ளை. சட்டை பிழையாகத்தான் போயிருக்கிறது. ஆசையாகத் துணி பார்த்து, கையின் நீளம் எவ்வளவு, கழுத்து எவ்வளவு இறக்கம் என்று மாதக்கணக்காக யோசித்துக் கொடுத்த உடுப்பு இப்படித் திரும்பி வந்தால் யாருக்கும் அழுகை வரும்.

என் கலியாணம் 1993இல். யாழ்ப்பாணத்தில் கரண்ட் இல்லாத காலம், நினைத்த துணியை நினைத்த நேரம் வாங்க முடியாது. எனக்குக் கிடைத்தது இரவல் சட்டை. தோள் பெரிது, அதனால் உள்பக்கமாக இரண்டு தோளிலும் பின் குத்திவிட்டார்கள். சாறி மறைத்துவிடும் என்று எனக்கும் அப்போது சொன்னார்கள். மறைத்தது உண்மைதான், படத்தில் ஒருவருக்கும் தெரியாது. ஆனால் அந்த ஆல்பத்தைத் திறந்தால் என் கண் முதலில் போவது அந்தத் தோளுக்குத்தான். பின் கழன்றுவிடுமோ என்று தாலி கட்டுகிற நேரம் முழுக்கக் குனியப் பயந்துகொண்டு இருந்தது இன்னும் ஞாபகம் இருக்கிறது. அன்றைக்கு வேறு வழி இல்லை. உனக்கு வழி இருக்கிறது, நாளும் இருக்கிறது, அதனால்தான் சாறி மறைத்துவிடும் என்று நான் சொல்லமாட்டேன்.

இன்னொன்றையும் நீ யோசிக்க வேண்டும். நீ அங்கே போன கலியாணங்களில் பார்த்திருப்பாய், ஆனால் மணப்பெண்ணாக அந்த அறைக்குள் நின்றிருக்கமாட்டாய். முதலில் மணவறைச் சாறியோடு வந்து இருப்பாய். பிறகு கூறையும் தாலியும் வைத்த தட்டத்தைச் சபையில் கொண்டுபோய் எல்லாரிடமும் ஆசி வாங்கி வருவார்கள், மாப்பிள்ளை கூறையை உன் கையில் தருவார், நீ எழும்பி உள்ளே போய் அதை உடுத்திக்கொண்டு திரும்பி வரவேண்டும். வெளியில் ஐயர் முகூர்த்த நேரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார், மேளக்காரர் வாசித்துக்கொண்டிருப்பார்கள், யாராவது வந்து கெதியாக, கெதியாக என்று கதவைத் தட்டுவார்கள். தலையில் பூவும் கழுத்தில் நகையும் போட்டபடி சட்டை மாற்றவேண்டும். அந்த நேரத்தில் ஒரு கொழுக்கி பூட்டவில்லை, கை ஏறவில்லை என்றால் பிள்ளைக்கு எப்படி இருக்கும்? திரும்பி வந்து மாலை மாற்றக் கையைத் தூக்கவேண்டும், அக்கினியைச் சுற்றவேண்டும், அம்மி மிதிக்கவேண்டும். கூறைச் சட்டையின் பொருத்தம் வடிவுக்காக மட்டும் இல்லை.

சரி, இனிச் சட்டைக்கு வருகிறேன். படத்தில் பார்த்த அளவில் எனக்குத் தெரிவது இது: உனக்குத் தோள் ஒடுக்கம், சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். கழுத்து அகன்று நின்றதற்குக் காரணம் தோள். தோளில் கால் அங்குலம் உள்ளே எடுத்திருந்தால் முடிந்திருக்கும். திருத்தின கடைக்காரர் பக்கத் தையலைப் பிடித்து இறுக்கியிருக்கிறார்கள். கழுத்து அப்படியே நிற்க, கைக்குழி சின்னதாகப் போய், அதனால்தான் கையைத் தூக்கினால் முழுச் சட்டையும் கூடவே ஏறுகிறது. அதுவும் ஆரி வேலை செய்த இடத்தை மடித்து மெஷினில் ஓடியிருக்கிறார்கள். ஆரி சங்கிலித் தையல், ஒரு கண் அறுந்தால் பின்னால் வருவதெல்லாம் கழன்று வரும். தொங்குகிற நூலை வெட்டிவிடாதே. ஊசியால் உள்பக்கம் இழுத்து, லைனிங்கோடு சேர்த்து இரண்டு கைத்தையல் போட்டு முடிந்து விடு. அது இப்போதைக்குப் போதும்.

இனி முக்கியமானது உள்ளே துணி இருக்கிறதா என்பதுதான். எங்கள் ஊரில் பிளவுஸ் தைக்கிறவர்கள் பக்கத்தில் ஒரு அங்குலமோ ஒன்றரை அங்குலமோ உள்ளே விட்டு, இரண்டு மூன்று தையல் வரிசை ஓடிவிடுவார்கள், உடம்பு கூடினால் ஒரு வரிசையைப் பிரித்துவிடலாம். அங்கே உன் சட்டையை இறுக்கினவர்கள் அந்தத் துணியை விட்டிருந்தால் பிரித்துத் தைப்பது பெரிய வேலையே இல்லை. பட்டில் பழைய தையல் ஓடின ஊசித்துளை கொஞ்சம் தெரியும், ஆனால் அது கமக்கட்டுக்குக் கீழே, அதன் மேல் ஒரு வரி மணி கோர்த்தால் ஒருவரும் கண்டுபிடிக்கமாட்டார்கள். மிச்சத்தை வெட்டி ஓவர்லொக் அடித்துவிட்டார்கள் என்றால் கமக்கட்டில் ஒரு துண்டு வைக்கவேண்டும். அதுவும் முடியும், நான் எத்தனையோ பிள்ளைகளின் சட்டைக்கு வைத்துக் கொடுத்திருக்கிறேன்.

அந்தத் துண்டுக்குத்தான் துணி வேண்டும். முதலில் தைத்த இடத்தில் வெட்டி மிஞ்சின துண்டுகள் இருக்கிறதா என்று உடனே கேள். கூறையோடு வந்த பிளவுஸ் துணியில் கை, கழுத்து வெட்டினால் சின்னச் சின்னதாக மிஞ்சும், சிலர் எறிந்துவிடுவார்கள், அதனால் சுணங்காதே. அது இல்லாவிட்டால் கூறையின் உள்முனையில், இடுப்பில் செருகி மறைகிற பக்கத்தில், நாலு விரல் அகலம் எடுக்கலாம் என்று தையல் தெரிந்தவர்கள் சொல்வார்கள். எனக்கு மனம் இல்லை. தாலி ஏறுவதற்கு முதல் கூறையில் கத்தரி வைப்பதா என்று அம்மம்மா இருந்திருந்தால் சண்டைக்கே வந்திருப்பா, அதோடு அது உன் மாமி வீட்டார் வாங்கின கூறை. கடைசிக்கு நான் இங்கே பெரியகடைச் சந்தையில் அரக்குப் பட்டு மீற்றர் கணக்கில் பார்த்து வாங்குகிறேன். போனில் நிறம் அனுப்பாதே, அரக்கு எல்லாம் அதில் சிவப்பாகத்தான் தெரியும், நீ வந்த பிறகு சட்டையைக் கையில் வைத்துக்கொண்டு வெயிலில் பார்த்து எடுக்கலாம்.

கடைக்காரரோடு கதைக்கும்போது அழுதுகொண்டும் கதைக்காதே, கோபத்தில் சத்தமும் போடாதே. முதலில் படங்களோடு எழுத்தில் அனுப்பு: கொடுத்த அளவு என்ன, எதைத் திருத்தச் சொன்னாய், எப்படித் திரும்பி வந்தது. திருத்தின கூலியைத் திருப்பிக் கேட்பது நியாயம், கூச்சப்படாமல் கேள். ஆனால் இலவசமாகத் திரும்பத் தைத்துத் தருகிறோம், வைத்துவிட்டுப் போங்கள் என்று சொன்னால் மட்டும் கொடுக்காதே. தோளைப் பார்க்காமல் பக்கத்தை வெட்டின கை அடுத்த தரமும் அதையேதான் செய்யும். பட்டு ஒருதரம் வெட்டுப்பட்டால் திரும்ப வராது. வேறு தையல்காரரிடம் ஓடவும் வேண்டாம், நான் உள்பக்கத்தைப் பார்க்கும்வரை ஒருவரும் தொடக்கூடாது.

இன்னொரு சட்டைக்கும் இங்கே ஆயத்தம் செய்கிறேன். நல்லூர்த் திருவிழாவுக்கு வெளிநாட்டுச் சனம் வந்து இறங்கினால் தைக்கிறவர்களுக்கு மூச்சுவிட நேரம் இருக்காது, உன் கலியாணமும் ஆவணியில்தான், அதனால் கொக்குவிலில் தைக்கிற பிள்ளையிடம் இப்போதே ஒரு நாள் சொல்லி வைத்துவிட்டேன். ஆரி வேலை ஒன்றும் இல்லாமல், கையில் சரிகைக் கரை மட்டும் வைத்த அரக்குச் சட்டை. கூறைக்கு அது குறைவாக இருக்காது, எனக்கென்றால் அதுதான் இன்னும் வடிவாக இருக்கும் என்று படுகிறது, ஆனால் நீதான் உடுக்கப்போகிறாய், நீ சொல்வதுதான் முடிவு. அளவுக்கு அலுமாரியில் உன் பழைய சட்டை இருக்கிறது. அதைப் போட்ட நாளைவிட உடம்பு மெலிந்திருந்தால் ஒளிக்காமல் சொல்லு. மெலிந்திருந்தால் என்று ஏன் கேட்கிறேன் தெரியுமா, சட்டைக்குள் போகவேண்டும் என்று நீ இரவில் சாப்பிடாமல் படுக்கிறாயாம், தம்பி சொன்னான். அதை இன்றோடு விடு. சட்டையைத்தான் உடம்புக்குத் தைப்பது, கலியாணத்துக்கு முந்தின கிழமைகளில் பட்டினி கிடந்து மயங்கி விழுந்த பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன்.

இரவில் அதை எடுத்துப் போட்டுக் கண்ணாடிக்கு முன்னால் நிற்பதையும் நிறுத்து. ஒவ்வொரு தரம் போடும்போதும் அந்த வலது தையல் இன்னும் இழுபடும், உனக்கும் அழுகைதான் வரும். பழைய பருத்திச் சீலைத் துண்டில் சுற்றி வை, பிளாஸ்டிக் பையில் போடாதே. சூடான அயன் வைக்காதே, பிளாஸ்டிக் மணி என்றால் உருகும். பலாலி விமான நிலையத்தில் வந்து இறங்கும்போது அது உன் கைப்பையில் இருக்கவேண்டும், பெரிய பெட்டியில் போட்டு அனுப்பிவிடாதே.

மாப்பிள்ளையிடமும் சொல்லு. இதெல்லாம் பெண்கள் விஷயம் என்று நீ மறைத்துவைத்தால், ஏன் முகம் வாடியிருக்கிறது என்று அந்தப் பிள்ளை வேறு எதையாவது நினைக்கும்.

இப்போது அங்கே விடிந்திருக்கும். சாப்பிட்டுவிட்டு, சட்டையை உள்பக்கம் வெளியே வரப் புரட்டி, யன்னலடியில் வைத்துப் படம் எடுத்து அனுப்பு. வலது கமக்கட்டு முதலில், பிறகு இரண்டு தோளும். பக்கத்தில் அளவு நாடாவை வை, இலக்கம் எனக்குத் தெரியவேண்டும்.

அன்போடு,
அம்மா