ஃப்ளைட் மோட் போடாததால் வந்த வினை

அன்புள்ள கணேசா,

போன ஞாயிறு நீ கூப்பிட்டாயே, அந்த ஒரு அழைப்பில் எங்கள் ஷாட்டே போச்சு. நான் சினிமா எடுக்கச் சொல்லிக்கொடுக்கிற பிள்ளைகள் என் செல்போனில்தான் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். அன்றிலிருந்து ஃப்ளைட் மோட் போடாமல் யாரும் கேமராவைத் தொடக்கூடாது என்று அவர்களே சட்டம் போட்டுவிட்டார்கள்.

மொத்தம் பத்துப் பேர், ஒன்பதாவதும் பதினொன்றாவதும் படிக்கிற பிள்ளைகள். முதல் நாள் பத்துப் பேருமே டைரக்டர்! சரி, ஆளுக்கொரு நிமிடம், கேமராவை ஓரிடத்தில் வை, அசைக்காதே, வெட்டாதே என்று சொல்லிவிட்டேன். 1895-இல் சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் திரையிட்ட படங்கள் அப்படித்தானே, பிலிம் சுருளே சுமார் 50 விநாடிதான் ஓடும். பிரான்ஸில் இன்றும் பள்ளிப் பிள்ளைகளுக்கு இதைப் பயிற்சியாகக் கொடுக்கிறார்கள்.

ஒரு பெண் தன் சித்தப்பா கடலைமிட்டாய் போடுவதை எடுத்து வந்தாள். நம் கோவில்பட்டியில் இதை யார் பார்த்ததில்லை? ஆனாலும் பாகும் கடலையும் பலகையில் விழுந்து, பரத்தி, வெட்டி முடிக்கும்வரை ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. பாகு இறுகுவதற்குள் வெட்டியாக வேண்டும், இரண்டாவது டேக் கிடையாது, அதனால் எங்கே உட்கார்ந்து எடுப்பது என்று இரண்டு நாள் சும்மா பார்த்துக்கொண்டே இருந்தாளாம். நான் சொல்லிக்கொடுக்காத விஷயம் அது.

அப்புறம் எல்லாரும் சேர்ந்து ஒரு கதை. அண்ணனும் தம்பியும் எதிரெதிரே உட்கார்ந்து பேசுகிற காட்சி. எடிட்டில் பார்த்தால் இரண்டு பேரும் ஒரே பக்கம் பார்த்துப் பேசுகிறார்கள், பஸ்ஸில் முன்னும் பின்னுமாக உட்கார்ந்த மாதிரி. இருவருக்கும் நடுவில் ஒரு கோடு இருப்பதாக வைத்துக்கொண்டு, அதற்கு ஒரே பக்கம் நின்று எடுக்கவேண்டும் என்று நான் போர்டில் வரைந்து காட்டியபோது கொட்டாவி விட்டவர்கள்தான், இப்போது தரையில் சாக்பீஸால் கோடு கிழித்துவிட்டுத்தான் கேமராவையே எடுக்கிறார்கள். திரும்ப எடுக்கலாம் என்றால் தம்பியாக நடித்தவன் அதற்குள் முடி வெட்டிக்கொண்டு வந்து நிற்கிறான்! மூன்று மணி நேரம் சண்டை. கடைசியில் தம்பிக்கு ஒரு தொப்பி வந்தது, தொப்பிக்காகக் கதையில் ஒரு காட்சியும் வந்தது, சொன்னால் நம்பமாட்டாய், படத்திலேயே நல்ல காட்சி அதுதான்.

வசனம் பதிவு செய்ய மின்விசிறியை நிறுத்தவேண்டும். மே மாத வெயிலில் அதைவிடப் பெரிய தண்டனை கிடையாது.

உன் கல்யாண வீடியோ காலத்து ட்ரைபாட் இன்னும் பரணில்தான் கிடக்கிறதா? இப்போதைக்கு மூன்று அகராதிகளின் மேல்தான் செல்போன் நிற்கிறது. பஸ்ஸில் போட்டு அனுப்பு, ஸ்டாண்டில் வந்து வாங்கிக்கொள்கிறேன்.

அன்புடன்,
சண்முகம்