நேத்ரா குமணனுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள நேத்ரா அவர்களுக்கு,

வணக்கம். பாரிஸ் ஒலிம்பிக்கின் பாய்மரப் படகுப் போட்டியில் நீங்கள் பெற்ற 21ஆம் இடம் இங்கே ஒற்றை வரிச் செய்தியாகக் கடந்துபோனது எனக்கு இன்றும் ஆறவில்லை. டோக்கியோ ஒலிம்பிக்கில், எனோஷிமா கடலில், 44 பேரில் 35ஆவதாக வந்த நீங்கள், மூன்றே ஆண்டுகளில், பாரிஸ் ஒலிம்பிக்கின் படகுப் போட்டிகள் நடந்த மார்செய் கடலில், 43 பேரில் 21ஆவதாக வந்தீர்கள் என்றால், அது எவ்வளவு பெரிய ஏற்றம் என்பதைப் பாய்மரப் படகுப் போட்டியின் கணக்கு தெரிந்தவர்களே உணர முடியும்.

முதலிடத்துக்கு ஒரு புள்ளி, முப்பதாம் இடத்துக்கு முப்பது புள்ளி என்று சேர்த்துக்கொண்டே போய், கடைசியில் யாருக்குப் புள்ளி குறைவோ அவரே வெல்லும் ஆட்டம் இது. மிக மோசமான ஒரு சுற்றைத்தான் கழித்துக்கொள்ளலாம். ஆகவே ஒருநாள் மட்டும் பிரமாதமாக ஓட்டிப் பயனில்லை, நாள்தோறும் நன்றாக ஓட்ட வேண்டும். ஒருவரே ஓட்டும் உங்கள் ஐஎல்சிஏ 6 வகைப் படகு எல்லோருக்கும் ஒரே அளவு; ஒலிம்பிக்கில் அதைப் போட்டி நடத்துபவர்களே கொடுக்கிறார்கள் என்பதால், படகின்மேல் பழி போடவும் வழியில்லை. கால்களைப் பட்டைக்குள் மாட்டிக்கொண்டு, தொடை கடுக்கக் கடுக்க உடலைப் படகுக்கு வெளியே சாய்த்து, ஒரு கையில் சுக்கான் கோலும் மறு கையில் பாய்க்கயிறுமாக எதிர்காற்றில் ஏறும்போதே, தூரத்தில் காற்று வலுத்துத் தண்ணீர் எங்கே கறுக்கிறது, அடுத்த காற்று வீச்சு எந்தப் பக்கத்திலிருந்து வரும் என்றும் கணிக்க வேண்டும். தொடக்கக் கோட்டில் சற்றுப் பிந்தினால் போதும், முன்னே போகிறவர்களின் பாய்கள் கலைத்துவிட்ட காற்றுதான் மிஞ்சும்.

2020 ஜனவரியில் மயாமியில் நடந்த பாய்மர உலகக் கோப்பைப் போட்டியில் வெண்கலம் வென்றீர்கள். இந்தியப் பெண் ஒருவர் உலகக் கோப்பையில் பதக்கம் பெற்றது அதுவே முதல்முறை. 2021 ஏப்ரலில் ஓமானின் முசன்னாவில், ஒலிம்பிக்குக்குத் தகுதி பெற்ற முதல் இந்தியப் பாய்மர வீராங்கனை ஆனீர்கள். எனினும், பதக்கத்தைவிட என்னை அதிகம் ஈர்த்தது, ஸ்பெயினின் கிரான் கனாரியா தீவில் ஹங்கேரியப் பயிற்சியாளர் தமாஷ் எசெஷிடம் நீங்கள் பயின்ற காலம்தான். தனியாளாக ஓட்டும் படகென்றாலும் தனியாகப் பழகித் தேற முடியாது; அருகருகே நிகரான வேகத்தில் வரும் பிறர் இருந்தால்தான் தன் வேகம் என்னவென்றே தெரியும். அந்தத் துணை இங்கே கிடைக்காமல்தான், கடற்கரை நகரமான சென்னையில் பிறந்தவர் அட்லாண்டிக் தீவுக்குப் போக வேண்டியிருந்தது. இது எனக்கு வருத்தமே.

உங்களிடம் ஒரு வேண்டுகோள். தொடக்கக் கோட்டில் இடம்பிடிப்பது, காற்றின் திருப்பத்தைக் கணிப்பது, அலையில் படகை ஓடவிடுவது ஆகியவற்றை நீங்கள் கற்ற விதத்திலேயே தமிழில் எழுதுங்கள். சென்னைத் துறைமுகத்தில் இப்போது சிறு படகோடு பழகும் பிள்ளைகளுக்கு அது உடனே பயன்படும்.

அன்புடன்,
உங்கள் ஆட்டத்தைத் தொடர்ந்து கவனித்து வரும் ஒரு வாசகர்