குளவிக்கூட்டுக்குக் கீழே வேலை செய்பவரின் உயிருக்கு என்ன பெறுமதி?

ஆசிரியர் அவர்களுக்கு,

ஹட்டனில் உயர்தர மாணவர்களுக்குப் பொருளியல் கற்பிக்கிறேன். வேலைத்தல மரண அபாயத்தைக் குறைப்பதன் பெறுமதியைப் பொருளியலாளர்கள் பெரும்பாலும் சம்பள வித்தியாசத்திலிருந்தே கணிக்கிறார்கள். 10,000 பேரில் ஒருவர் கூடுதலாகச் சாகக்கூடிய வேலைக்கு ஆளுக்கு வருடம் 5,000 ரூபாய் அதிகம் கிடைத்தால், அந்த 10,000 பேருக்கும் மொத்தம் 5 கோடி ரூபாய். தவிர்க்கப்படும் ஒரு மரணத்தின் பெறுமதி அது.

சரி, இந்தக் கணக்கு ஆபத்தைத் தெரிந்துகொண்டு வேறு வேலைக்குப் போக முடிந்தவருக்குத்தானே பொருந்தும்? அம்மா தேயிலைக் கொழுந்து எடுத்த தோட்ட மலையில், சவுக்கு மரத்துக் கிளையில் பானை அளவில் குளவிக்கூடு தொங்கியது. அந்த மலைக்குப் போனாலும் பக்கத்து மலைக்குப் போனாலும் ஒரே நாட்சம்பளம். மறுத்தால் அன்றைக்குப் பேர் இல்லை, அதாவது அன்றைய சம்பளம் கிடையாது. குடியிருந்த லயமும் (தொழிலாளர் வரிசை வீடு) தோட்டத்துக்குச் சொந்தம். இந்தச் சம்பளத்தை வைத்துக் கணித்தால் அம்மாவின் உயிருக்குப் பூச்சியம்தான் வரும். எனக்கு அதை ஏற்க மனமில்லை.

அமெரிக்கச் சுற்றாடல் பாதுகாப்பு முகவரகம் வருமானம் பார்க்காமல் எல்லோருக்கும் ஒரே பெறுமதியை வைத்திருக்கிறது. 2006 மதிப்பில் 74 இலட்சம் டொலர். குளவிக்கூடு அகற்றவும் மருந்தடிப்பவருக்குக் கையுறை, முகமூடி வாங்கவும் செலவு பார்க்கும்போது, நமது அதிகாரிகளும் கொழும்பு அலுவலகத்தில் இருப்பவருக்கு வைக்கும் அதே பெறுமதியைத் தோட்டத்துக்கும் வைக்க வேண்டும்.

இப்படிக்கு,
பொருளியல் ஆசிரியை ஒருவர்,
ஹட்டன்.