செவ்வாய்க்கிழமைப் பாதியும் வெள்ளிக்கிழமைப் பாதியும்: மாநகராட்சி ஆணையருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஆணையர் அவர்களுக்கு,

வணக்கம். எங்கள் பித்தளை பேண்டு ஒத்திகை பார்த்துவந்த சமூகக் கூடத்தின் தரைத்தள அரங்கம் எங்கள் கையைவிட்டுப் போன கதை உங்கள் கோப்பிலேயே இருக்கிறது. எங்கள் செயலாளர் எழுதிய நான்கு கடிதங்களும் அதே கோப்பில்தான் தூங்க வேண்டும். அதனால் பழையதை விட்டுவிட்டு, போன ஞாயிற்றுக்கிழமையிலிருந்து தொடங்குகிறேன்.

ஆண்டு விழாவில் முன்வரிசையில் நீங்களே இருந்தீர்கள். முதல் பாட்டின் நடுவில் மெட்டு வாசிக்கும் சின்னக் குழல்களான கார்னெட்டுகள் ஒரு பக்கமும், அடிச்சுரம் தாங்கும் பெரிய குழல்களான டியூபாக்கள் இன்னொரு பக்கமுமாகப் போய், பேண்டு மாஸ்டர் கையை உயர்த்தி நிறுத்தி, மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்ததைப் பார்த்திருப்பீர்கள். விழா முடிந்ததும் உங்கள் அலுவலர் ஒருவர் வந்து, "முன்னெல்லாம் நல்லா வாசிப்பீங்களே, என்ன ஆச்சு?" என்றார். அக்கறையாகத்தான் கேட்டார். எனக்குத்தான் அப்போது வாய் வரவில்லை. இந்த மடலை அவருக்கான பதிலாகவும் வைத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் பேண்டின் ஒரு பாதி வாசிப்பது மறுபாதியின் காதில் விழுந்தது, ஐந்து மாதத்தில் அந்த மேடையில்தான்.

நாங்கள் அறுபது பேருக்கு மேல். மாற்று இடமாகத் தந்த மூன்றாம் மாடிப் பழைய ஆவண அறையில் முப்பது நாற்காலி போட்டாலே முழங்கால் இடிக்கிறது. ட்ராம்போன்காரர் குழாயை முழுசாக நீட்டினால் முன்னால் இருப்பவரின் பிடரி. வேறு வழியில்லாமல் பேண்டை இரண்டாக வெட்டினோம். செவ்வாய்க்கிழமை கார்னெட், ஃப்ளூகல்ஹார்ன், டெனர் ஹார்ன். வெள்ளிக்கிழமை யூஃபோனியம், ட்ராம்போன், டியூபா, டிரம். செவ்வாயன்று மெட்டு மிதந்துகொண்டிருக்கும், கீழே தாங்க ஒன்றும் இருக்காது. வெள்ளியன்று பூம் பூம் என்று அடிவாரம் மட்டும் கேட்கும். காணாமல் போன மெட்டை மாஸ்டர் தன் தொண்டையால் பாடிக் காட்டுவார். இரண்டு பக்கம் பாடுவதற்குள் இருமல் வந்துவிடும். முதல் வாரம் எல்லோரும் சிரித்தோம். மூன்றாவது வாரம் யாரும் சிரிக்கவில்லை.

தாளில் எழுதியிருப்பதைத்தானே வாசிக்கிறீர்கள், தனித்தனியாகப் பழகினால் என்ன என்று தோன்றலாம். பித்தளை வாத்தியம் ஆர்மோனியம் மாதிரி கட்டையை அழுத்தினால் சுருதி வந்துவிடுகிற சங்கதி இல்லை. என் கார்னெட்டில் விரலால் அழுத்த இருப்பது மூன்றே வால்வு; மிச்சம் எல்லாம் உதடும் காதும். முதல் வால்வையும் மூன்றாவதையும் சேர்த்து அழுத்தினால் சுருதி இழை அளவு ஏறித்தான் நிற்கும். குழாய் நீளத்தின் கணக்கு அப்படி. செய்தவர் மேல் குற்றமில்லை. வாசிக்க வாசிக்க மூச்சுச் சூட்டில் மொத்த வாத்தியமுமே மேலே ஏறும். இதையெல்லாம் நொடிக்கு நொடி இழுத்துப் பிடிப்பது, அடியில் ஓடும் டியூபாவைக் காதில் வாங்கிக்கொண்டுதான். கேட்க டியூபாவே இல்லாமல் ஐந்து மாதம் பழகினால் ஒவ்வொரு பாதியும் தன்னளவில் சரியாகத்தான் இருக்கும். ஞாயிற்றுக்கிழமை இரண்டு சரிகளும் மோதிக்கொண்டன.

புதிதாக வருபவர்கள் கதை இன்னும் மோசம். எங்களைப் போன்ற பித்தளை பேண்டில் பேஸ் ட்ராம்போனையும் டிரம் வகைகளையும் விட்டால் மற்ற எல்லா வாத்தியத்துக்கும் ஒரே முறையில்தான் ஸ்வரம் எழுதுவது வழக்கம். கார்னெட் பழகியவர் டியூபாவை மடியில் வைத்தாலும் விரல் அதே இடத்துக்குத்தான் போகும். டியூபாவுக்கு ஆள் குறைந்தால் கார்னெட் வரிசையிலிருந்து ஒருவர் எழுந்து போவார், அனுபவஸ்தர் பக்கத்தில் உட்கார்ந்து கற்றுக்கொள்வார். இப்போது பக்கத்தில் உட்கார நாற்காலியும் இல்லை, நாளும் ஒத்துவரவில்லை. புதியவர்களைச் சேர்ப்பதையே நிறுத்திவிட்டோம்.

காது விஷயம் தனி. 85 டெசிபல் சத்தத்தில் காதுக்குப் பாதுகாப்பான நேரம் 8 மணி, அதற்கு மேல் ஏறும் ஒவ்வொரு 3 டெசிபலுக்கும் நேரம் பாதி என்பது தொழில் சுகாதாரத்தில் பரவலாகச் சொல்லப்படும் கணக்கு. 94-ஐத் தொட்டால் ஒரு மணி நேரம்தான். தாழ்ந்த கூரைக்கும் நான்கு சுவருக்கும் நடுவில் முப்பது பித்தளை வாயைத் திறந்தால் என்ன ஆகும் என்று யாராவது ஒரு வெள்ளிக்கிழமை வந்து நின்று பார்க்கலாம். படியேறித்தான் வர வேண்டும், லிஃப்ட் ஓடாது. டியூபாவைக் கட்டிக்கொண்டு ஏறி, இரண்டாம் மாடித் திருப்பத்தில் மூச்சு வாங்க உட்கார்ந்திருக்கும் பெரியவரைத் தாண்டி வாருங்கள். ஊத வேண்டிய மூச்சை அவர் படியிலேயே ஊதி முடித்திருப்பார்.

தரைத்தள அரங்கம் சும்மா இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். கால் உடைந்த நாற்காலிகள், பழைய மேசைகள், திறப்பு விழா முடிந்த பெயர்ப்பலகைகள் எல்லாம் 'தற்காலிகமாக' அங்கே குடியிருக்கின்றன. அவை சத்தம் போடுவதில்லை, கடிதம் எழுதுவதில்லை, படியேறவும் முடியாது. முன்னுரிமை நியாயம்தான். இந்த நகரத்தில் தோண்டிப் போட்ட சாலை தற்காலிகம், அடைத்த நடைபாதை தற்காலிகம், நடுரோட்டுத் தடுப்பு தற்காலிகம். ஒரு தற்காலிகம் பத்து வயசு ஆனதும் அதற்கு வண்ணம் பூசுவதையும் பார்த்திருக்கிறேன். சரி, அது வேறு கடிதம். மன்னிக்கவும்.

கேட்க வந்தது இவ்வளவுதான்: தரைத்தள அரங்கத்தை வாரத்தில் இரண்டு மாலை, இரண்டரை மணி நேரம் எங்களுக்குத் திரும்பத் தாருங்கள். நாற்காலிகளை நாங்களே தூக்கி மூன்றாம் மாடியில் வைக்கிறோம். ஏறி இறங்கிப் பழகிவிட்டது. வாசித்த பிறகு கூட்டிப் பெருக்கிப் பூட்டிவிட்டும் போகிறோம். இரண்டு மாலை முடியாதென்றால் ஒரு மாலையாவது, ஆனால் அறுபது பேரும் ஒன்றாக உட்காரும் மாலையாக இருக்கட்டும்.

அடுத்த மாத விழாவுக்கு வாசிக்கச் சொல்லி உங்கள் அலுவலகத்திலிருந்து நேற்று அழைப்பு வந்தது. வழக்கம்போல இலவசமாகத்தான். மறுக்கவில்லை, இரண்டு பாதியும் வருகிறோம். நாங்கள் முதலில் சந்திப்பது உங்கள் அரங்கத்திலா, உங்கள் மேடையிலா என்பதை மட்டும் தயவுசெய்து இந்த வாரத்துக்குள் சொல்லிவிடுங்கள்.

இப்படிக்கு,
பணிவுடன்,
செவ்வாய்க்கிழமைப் பாதியின் இரண்டாம் கார்னெட்