குழம்பியுள்ளது

மாங்குளம்
06.07.2025

அன்பு மகளுக்கு,

அம்மா எழுதுகிறேன். இங்கே அப்பாவின் முழங்கால் நோவைத் தவிர எல்லாம் சுகம். லண்டன் வரும் ஒரு பிள்ளையிடம் மிளகாய்த்தூளும் ஒடியல் மாவும் கொடுத்து விடுகிறேன். இந்தக் கடிதமும் அந்தப் பொதிக்குள்தான் வருகிறது. வாசிக்கும்போது தும்மல் வந்தால் பழியைத் தூளில் போடு.

போன மாதம் போனில் கேட்டாய்: "அம்மா, எங்கட பேப்பர்க் குறுக்கெழுத்தில ஏன் விடையைக் குழப்பிப் போடினம்? அது களவெல்லே?" கடையில் சனம் நின்றது, பால் பொங்கிக்கொண்டு வந்தது. "ஓம், களவுதான்" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டேன். பிறகு மூன்று இரவு அதுவே தலைக்குள் நின்றது. அந்தத் தீர்ப்பைக் கொஞ்சம் மாற்ற வேணும். அதைப் போனில் சொல்ல ஏலாது, கட்டம் கீறிக் காட்ட வேணும்.

உனக்குத் தெரியும், காலை பஸ்ஸில் பேப்பர்க் கட்டு வந்து விழுந்தால் வேறொருவர் தொட முன்னம் குறுக்கெழுத்துப் பக்கம் என் கையில். முந்தி பேனையால்தான் நிரப்புவேன். ஒருநாள் மரண அறிவித்தல் பார்க்க வரும் ஐயா பேப்பரைத் திருப்பிப் பிடித்து, "பிள்ளை, உன்ரை மை இஞ்சால ஊறி, செத்த மனுசிக்கு மீசை முளைச்சிருக்கு" என்றார். அன்றிலிருந்து பென்சில். காதில் செருகிக்கொண்டு பிளேன்ரீ ஊற்றலாம், அதுவும் ஒரு வசதி. 2022 இல் தாள் தட்டுப்பாடு வந்து கொழும்பில் இரண்டு பேப்பர் அச்சையே நிறுத்தின நேரம், நான் வாங்கும் பேப்பரும் மெலிந்தது. முதலில் கழற்றி எறிந்தது குறுக்கெழுத்தைத்தான். சோதிடப் பலன் மட்டும் ஒருநாளும் தவறவில்லை.

குறை சொல்லத் தொடங்கினால் எனக்கு நிற்பாட்டத் தெரியாது. போன கிழமை 'ஒரு மரக்கறி' என்று ஆறு கட்டம். வெ, ண், டி, க், கா, ய் என்று கண்ணை மூடிக்கொண்டு போட்டேன். அந்த மூன்றாவது கட்டத்தில் வந்து முடியும் ஈரெழுத்துச் சொல்லுக்குக் குறிப்பு, 'கால்களின் வேலை'. முதல் எழுத்து ந. என் டி-யோடு சேர்த்தால் 'நடி'. கூத்தாடுகிறவனுக்குக் காலும் நடிக்கும்தானே என்று மனதைச் சமாளித்தேன். மறுநாள் விடை பார்த்தால் 'நடை'. மரக்கறி, வெண்டைக்காயாம்! மாங்குளம் சந்தையில் யார் பிள்ளை வெண்டைக்காய் விற்கிறார்கள்? குறிப்பில் மரக்கறி என்று எங்கட சொல்லைப் போட்டுவிட்டு, விடையை மட்டும் அக்கரைத் தமிழ்நாட்டிலிருந்து இறக்கியிருக்கிறார்கள். வெண்டிக்காய்க்கும் ஆறு கட்டம், வெண்டைக்காய்க்கும் ஆறு கட்டம். மாட்டிக்கொள்வதற்கென்றே செய்த பொறி.

அதைவிட மோசம் யானை. 'யானை (குழம்பியுள்ளது)', மூன்று கட்டம்; அதாவது விடையின் எழுத்துகளை இடம் மாற்றித்தான் கட்டத்தில் போட வேணும். களிறும் மூன்று, வேழமும் மூன்று. நடுக்கட்டத்தை மட்டும்தான் இன்னொரு சொல் வெட்டிப்போனது. அந்தச் சொல்லும் 'குழம்பியுள்ளது'! ஐந்து விதமாகக் களிறைக் குழப்பலாம், ஐந்து விதமாக வேழத்தைக் குழப்பலாம். அப்பாவிடம் கேட்டேன். "ராத்திரி வேலியை உடைச்சுக்கொண்டு வந்ததிட்டையே கேட்டிருக்கலாம், களிறோ வேழமோ எண்டு" என்றார். உண்மைதான், அன்றிரவும் பின் வளவில் வெடி போட்டுத்தான் கலைத்தவர்கள். விடை, ளிறுக. களிறு என்றால் ஆண் யானை. 'ஆண் யானை' என்று ஒரு சொல் கூட்டிப் போட்டிருந்தால் பாதிக் குழப்பம் தீர்ந்திருக்கும்.

உன் லண்டன் குறுக்கெழுத்தை நீ விளங்கப்படுத்தினபோது எனக்குப் பிடித்தது இதுதான்: அங்கேயும் எழுத்தைக் குழப்புகிறார்கள். ஆனால் குழப்பம் குறிப்புக்குள்ளே. கட்டத்துக்குள் போகிற சொல் நேராக நிற்கும். நாங்கள் குறிப்பை வெட்ட வெளிச்சமாகத் தந்துவிட்டு விடையைக் குழப்புகிறோம். அவர்கள் கதவைப் பூட்டிச் சாவியைப் பூச்சட்டிக்குக் கீழே ஒளிக்கிறார்கள். நாங்கள் கதவைத் திறந்து வைத்துவிட்டு வீட்டுச் சாமானைக் கலைத்துப்போடுகிறோம்.

ஏன் அப்படி என்றுதான் கணக்குக் கொப்பியின் பின் தாளில் நானே ஒன்று கட்டிப் பார்த்தேன். முதல் வரிசையில் முறிகண்டி. பஸ் நின்றால் கச்சான் வாங்காமல் நீ திரும்ப ஏறாத இடமல்லவா, ஆசையாக அதிலிருந்து தொடங்கினேன். மு, றி, க, ண், டி. இனி ஒவ்வொரு எழுத்திலிருந்தும் கீழ்நோக்கி ஒரு சொல் இறக்க வேணும். மு-வுக்கு முதிரை. சரி. றி-க்கு? தமிழில் றி-யில் தொடங்கும் சொல் ஏது, றிபன்தான். க-வுக்குக் கமம். ண்-இல் எந்தச் சொல்லும் தொடங்காது. டி-யும் அப்படித்தான். ஐந்து கட்டத்தில் இரண்டுக்குத்தான் கதவு திறந்தது. அழித்துவிட்டு இரணைமடு போட்டேன். இ-யும் ம-வும் இடம் தந்தன, ர, ணை, டு மூன்றும் தரவில்லை. எங்கட மாங்குளமே மா-வும் கு-வும் போக மற்ற மூன்றும் பூட்டுத்தான்.

சின்ன வகுப்பில் படித்த இலக்கணம் அப்போதுதான் எனக்கு உறைத்தது. 12 உயிர், 18 மெய், 216 உயிர்மெய், ஓர் ஆய்தம், மொத்தம் 247. உன் ஆங்கிலத்துக்கு 26 தான். ஆனால் அந்த 26 இல் எதைப் பிடித்தும் ஒரு சொல்லைத் தொடங்கலாம். எங்களுக்குப் புள்ளி வைத்த எழுத்து ஒன்றும் சொல்லுக்கு முதலில் வராது. ட, ண, ர, ல, ழ, ள, ற, ன என்ற எட்டு வீட்டாரும் வர மாட்டார்கள். வந்தால் றோட்டு, லொறி, ரீ, டொக்டர் என்று வெளியிலிருந்து வந்த சொல்லாக இருக்கும், இல்லாவிட்டால் வடமொழி. கடைசி எழுத்துக்கும் சட்டம் இருக்கிறது: க், ச், ட், த், ப், ற் என்று ஒரு தமிழ்ச் சொல் முடியாது. இந்த வேலிகளுக்கு நடுவில் நின்று ஒரு மனுசன் நாளுக்கொரு கட்டம் கட்டுகிறான் என்றால், இடைக்கிடை குழப்பாமல் என்ன செய்வான்?

பிறகு ஒரு யோசனை. மாங்குளத்தைத் தூக்கி அடி வரிசையில் போட்டேன். ம் சொல்லுக்கு முதலில் வராது, முடிவில் எத்தனையோ தரம் வரும். தலையெழுத்து இல்லாத எழுத்துக்கு வாலெழுத்தாவது இருக்கிறது. மேலிருந்து 'அம்மா' இறங்கி மா-வில் கால் வைத்தாள். 'விளக்கு' கு-வில் முடிந்தது. 'மரம்' ம்-இல். ஒன்று விட்டு ஒரு எழுத்து குறுக்கே மாட்டிக்கொண்டது, உன் லண்டன் பேப்பரில் வருகிற மாதிரியே! சந்தோசத்தில் அப்பாவை எழுப்பிக் காட்டினேன். அவர் சந்தோசப்படவில்லை.

அதோடு விட்டிருக்கலாம். 'அம்மா'வின் அ-வையும் 'மரம்' சொல்லின் ம-வையும் ஒரே வரிசையில் கோத்து மேலே ஒரு சொல் போட ஆசைப்பட்டேன். இடையில் 'விளக்கு' சொல்லின் ள வந்து நிற்கிறது. அ, ஒரு கட்டம், ள, ஒரு கட்டம், ம. இரண்டு நாள் தேடினேன். வடை போடும்போதும் தேடினேன், ஒரு சட்டி வடை கருகியது. உனக்குக் கிடைத்தால் சொல்லு. அந்த இடத்தில் என் கை தானாகவே 'குழம்பியுள்ளது' என்று எழுதப் போனது, மகள். அப்போதுதான் அந்த முகம் தெரியாத கட்டக்காரனில் எனக்கு முதல் தடவையாக இரக்கம் வந்தது.

இரக்கம் வந்தாலும் முழு மன்னிப்புக் கிடையாது. குழப்பு, ஆனால் குழப்பின சொல்லின் ஒவ்வொரு கட்டத்தையும் நேரான சொல் ஒன்று வெட்டிப் போகட்டும். அப்போது நான் போட்டது சரியோ பிழையோ என்று கட்டமே சொல்லும், நாளைய பேப்பருக்குக் காத்திருக்கத் தேவையில்லை. சொல்லைக் கடைசி எழுத்திலிருந்து திருப்பி எழுதச் சொல்லி 'திரும்பியுள்ளது' என்று போடுவதில் எனக்குக் கோபமே இல்லை, அதற்கு ஒரே விடைதான் இருக்கும்.

களவு என்றாயே, இந்த வீட்டில் முதல் களவு செய்தது யார் தெரியுமா? 2009, சண்டை முடிந்து நாங்கள் இருந்த அகதி முகாம். உனக்குப் பதின்மூன்று வயது. தறப்பாள் கொட்டிலுக்கு முன்னால் நிலத்தில் தடியால் கட்டம் கீறி உனக்குக் குறிப்புச் சொல்லுவேன். பேப்பர் கிடையாது. ஆரோ தந்த கடலைச் சரையைப் பிரித்தபோது அதில் பாதிக் குறுக்கெழுத்து இருந்தது, மேலிருந்து கீழ் மட்டும், மற்றப் பாதி கிழிந்துபோயிருந்தது. நாலு நாள் அதை வைத்து இழுத்தோம். நீ சொல் பொருந்தாத இடமெல்லாம் எழுத்தை மாற்றிப் போட்டுவிட்டு, "அம்மா, இது குழம்பியுள்ளது" என்பாய். நானும் பேசாமல் இருந்துவிடுவேன்.

லண்டன் பேப்பர் டெய்லி டெலிகிராப்பின் கதையை நீ சொன்னபோது நான் சிரித்த சிரிப்பு உனக்கு விளங்கியிருக்காது. 1944 மே மாதம், பிரான்சின் நோர்மண்டியில் நேச நாட்டுப் படை இறங்க இருந்த நேரம், யூட்டா, ஒமாகா, ஓவர்லோர்ட், மல்பெரி என்று அந்தப் படையெடுப்பின் இரகசியப் பெயர்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் குறுக்கெழுத்தில் விடையாக வந்ததும், கட்டம் போட்ட லெனார்ட் டோ என்ற பள்ளிக்கூட அதிபரைப் புலனாய்வுக்காரர் போய் விசாரித்ததும். நான் அதிபருமில்லை, கட்டம் போட்டவளுமில்லை. சண்டை ஓய்ந்து ஏ9 பாதை திறந்திருந்த காலம், 2005 என்று நினைக்கிறேன். வழியில் ஒரு சோதனைச்சாவடியில் என் பையைக் கொட்டினபோது மடித்து வைத்த குறுக்கெழுத்துத் துண்டு விழுந்தது. இலக்கம், கறுப்புக் கட்டம், கையெழுத்தில் எழுத்துகள். எடுத்துப் பார்த்தவன் தமிழ் தெரிந்த இன்னொருவனைக் கூப்பிட்டான். அவன் ஒவ்வொரு சொல்லாக உரத்து வாசித்தான். நேரான சொல் வரும் வரைக்கும் பரவாயில்லை. குழம்பின சொல் வந்ததும் அவன் முகம் மாறியது. தமிழ் தெரியாதவனுக்கு இருந்ததை விட, தெரிந்தவனுக்குத்தான் சந்தேகம் கூடியது! "இது என்ன பாசை?" என்கிறான். பஸ் முழுக்க எனக்காகக் காத்து நிற்கிறது. பின்பக்கத்தில் அச்சடித்திருந்த குறிப்புகளைக் காட்டி, ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்து நேராக்கிக் காட்டினேன். கடைசியில் அவனே ஒன்றைக் கண்டுபிடித்தான். சிரித்துவிட்டுத் துண்டைத் திருப்பித் தந்தான். பஸ்ஸில் ஏறினபோது ஒருவரும் என்னோடு கதைக்கவில்லை.

இந்த விளையாட்டின் பெயரே குழம்பி வந்ததுதான் என்று நீதான் சொன்னாய். 1913 டிசம்பர் 21, நியூயோர்க் வேர்ல்ட் பேப்பரில் ஆர்தர் வின் போட்ட முதல் கட்டத்துக்கு வேர்ட் கிரொஸ் என்று பெயர், சில கிழமையில் அது கிரொஸ் வேர்டாகத் திரும்பிவிட்டது. ஆகவே கட்டக்காரனை நான் முழுதாகக் குற்றம் சொல்லவில்லை.

ஒன்று மட்டும் அவனிடம் கேட்பேன். தமிழுக்குக் குழப்பத்தை விடப் பிரிப்பு நன்றாக வரும். காளமேகம் சிலேடையில் செய்து காட்டின வேலை அது, எங்கட ஆச்சிமார் நொடி போட்டு அவிழ்க்கச் சொன்னதும் அதே வேலைதான். நான் ஒன்று கட்டினேன், பார்: 'மரத்தில் செய்த முருகன் மனைவி, அவித்துச் சம்பலோடு சாப்பிடலாம் (5)'. மர, வள்ளி. அப்பாவுக்குப் போட்டேன், அரை மணித்தியாலம் தெய்வானையைச் சுற்றிக்கொண்டு நின்றார். 'பல பேர் கை சேர்ந்தால் குந்த இடம் கிடைக்கும் (3)'. பல, கை, பலகை. இப்படி நாளுக்கு நாலு போட்டால் விடையைக் குழப்பத் தேவையே வராது. தபாலட்டையில் பேப்பருக்கு எழுதியிருக்கிறேன், வெண்டிக்காயையும் சேர்த்து. பதில் வராது என்று அப்பா பந்தயம் கட்டியிருக்கிறார்.

தூளைக் காற்றுப்படாமல் போத்தலில் போட்டு வை. குளிருக்குள் தலை நனைக்காதே.

அன்புடன்,
அம்மா

பி.கு.: உனக்கென்று கட்டினது. அப்பாவைக் கேட்காதே, அவருக்கும் சொல்லவில்லை. 'பல்லுக்கு நல்லது, மேற்கிலிருந்து வந்தால் கண்ணுக்குக் கூடாது (4)'. குழம்பவில்லை, நேரேதான் நிற்கிறது.